வெள்ளைத் துணியா, கறுப்புக் கம்பளியா

ஸ்டேனுன் வீட்டில் காப்பித்தூள் போட்டு வைக்க ஒரு டப்பா கிடையாது. இருந்த பதினொரு தகர டப்பாவிலும் மண். 1918 என்று ஒரு டப்பா, 1860 என்று ஒன்று, 1823 என்று ஒன்று, 1755 என்று மட்டும் இரண்டு. அந்த வருஷத்துச் சாம்பல் ஒரு டப்பாவில் அடங்கவில்லையாம். எல்லாம் அவள் கணவன் ஓட்டர் செய்து வைத்த வேலை. ஊரில் மற்ற ஆண்கள் குழி தோண்டினால் வேலிக்கம்பம் நடுவார்கள், இல்லாவிட்டால் செத்த மாட்டைப் புதைப்பார்கள். இந்த மனுஷன் ஆளுயரத்துக்குத் தோண்டி, அதற்குள் இறங்கி, கத்தியால் மண்சுவரைச் சீவி, அதில் வரி வரியாகத் தெரியும் சாம்பலை எண்ணிக்கொண்டு நிற்பான். கரியாகக் கறுத்த வரியெல்லாம் காட்லா எரிமலை கக்கியது. வெளுத்தது தூரத்து ஹெக்லாவுடையது. இதைத் தெரிந்துகொண்டு என்ன ஆகப்போகிறது என்று ஸ்டேனுன் இருபத்திரண்டு வருஷமாகக் கேட்கிறாள்.

காட்லாவை எங்களில் யாரும் கண்ணால் பார்த்ததில்லை. பனிக்கட்டிக்கு அடியில் படுத்திருக்கிறவளை எப்படிப் பார்ப்பது? நாற்பது வருஷம் தூங்குவாள், எண்பது வருஷமும் தூங்குவாள். எழுந்தால் முதல் வேலையாகத் தன் தலைமேல் கிடக்கும் பனியை உருக்கி எங்கள்மேல் ஊற்றுவாள். சில சமயம் எழுந்திருக்கக்கூட வேண்டாம், புரண்டு படுத்தாலே போதும். வெந்நீரும், வீட்டளவு பனிப்பாளமும், மணலும் ஒன்றாகச் சேர்ந்து மலையிலிருந்து இறங்கும். எங்கள் பக்கம் அவளுடைய நெருப்பில் செத்தவன் எவனும் இல்லை. தண்ணீர்தான் எமன்.

சென்ற வசந்தத்தில் ஊர்க்கூட்டத்தில் ஓட்டர் எழுந்து நின்று ஒரு விஷயம் சொன்னான். 1918-ல் வந்த வெள்ளம் மேற்குப் பக்கம் இறங்கியது. மலையிலிருந்து மந்தையோடு மணல்வெளியில் வந்துகொண்டிருந்த நம் ஆட்கள் ஆடுகளை விட்டுவிட்டுக் கிழக்கே வீட்டைப் பார்த்து ஓடி வந்தார்கள், பிழைத்தார்கள். சரி. ஆனால் அந்த வெள்ளமே மேற்குப் பக்கத்தை இரண்டு ஆள் உயரத்துக்கு மணல் போட்டு மேடாக்கிவிட்டுப் போயிருக்கிறது. என் குழிகளில் தெரிகிறது. அடுத்த வெள்ளம் பள்ளத்தைத்தான் தேடும். பள்ளம் இப்போது நம் பக்கம், லேரா ஆற்றில். அடுத்த தடவை வீட்டைப் பார்த்து ஓடுகிறவன் நேரே வெள்ளத்தின் வாயில் போய் விழுவான். மணல்வெளியின் நடுவே இருக்கும் கழுகுமேட்டில் ஏறி உட்கார்ந்தால்தான் உயிர்.

யார் கேட்டார்கள்? மலை ராஜா ஹால்ஃப்தான் கொட்டாவி விட்டான். இலையுதிர்காலத்தில் மலையில் மேயும் ஆடுகளைத் திரட்டி ஓட்டிவரப் போகும் கூட்டத்துக்குத் தலைவனை நாங்கள் மலை ராஜா என்போம். ஊரில் அவன் யாராக இருந்தாலும் மலையில் அவன் சொல்தான் சட்டம். 1918-ல் வீட்டைப் பார்த்து ஓடிப் பிழைத்தவர்களில் ஹால்ஃப்தானின் அப்பாவும் ஒருவர். அப்பன் பிழைத்த வழியை எந்த மகன் தப்பென்று சொல்லுவான்? அதனால் பழைய ஏற்பாடு மாறவில்லை. ஆபத்தென்றால் மணல்வெளி ஓரத்துக் கடைசி வீடான ஹோல்முரின் கூரையில் வெள்ளைத் துணி கட்டுவார்கள். பார்த்ததும் எல்லாரும் ஓட்டமாக வீடு திரும்ப வேண்டும். ஓட்டர் விடாமல் நச்சரித்ததால், காப்பி ஆறுகிறதே என்று, இன்னொன்றும் சேர்த்துக்கொண்டார்கள். கறுப்புக் கம்பளி கட்டினால் கழுகுமேட்டில் ஏற வேண்டும். ஹால்ஃப்தான் சிரித்துக்கொண்டே கைதூக்கினான். ஹால்ஃப்தானின் மனைவி யோருன் மட்டும் சிரிக்கவில்லை. ஓட்டர் அவள் வயலோரத்தில் தோண்டிய குழியில் அவளுடைய சினை ஆடு விழுந்து காலை ஒடித்துக்கொண்டிருந்தது. அன்றிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை இல்லை.

அதாவது, நேருக்கு நேர் பேச்சு இல்லை. டெலிபோனில் யோருன் தினமும் இருப்பாள்.

இதையும் சொல்லிவிட வேண்டும். ஸ்டேனுன் வீடுதான் எங்கள் பக்கத்து டெலிபோன் நிலையம். கடைத்தெரு இருக்கும் ஊரிலிருந்து வரும் கம்பி அங்கே முடியும். அங்கிருந்து ஒரே கம்பி வீடு வீடாகத் தொட்டுக்கொண்டு போகும். முதலில் யோருனின் கில் வீடு, பிறகு கிழவர் ஈசாக்கின் துங்கா, இடையே இன்னும் இரண்டு வீடு, பிறகு புதுப்பெண் ஸ்வாவா வாழவந்த போர்க், கடைசியில் ஹோல்முர். ஒரு வீட்டுக்கு மணி அடித்தால் எல்லா வீட்டிலும் அடிக்கும். எத்தனை நீளம், எத்தனை குட்டை என்று எண்ணித்தான் யாருக்கு அழைப்பு என்று தெரிந்துகொள்வது. தெரிந்துகொண்ட பிறகு, தனக்கில்லை என்று சும்மா இருந்தவர் ஒருவரும் இல்லை. ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். எங்கள் ஊரில் காதை மூடத்தான் ஒன்றும் இல்லை. கெடுதல் என்னவென்றால், ஒவ்வொருவராக ரிசீவரை எடுக்க எடுக்கக் கம்பியில் குரல் தேய்ந்துகொண்டே போகும். ஆறு பேர் ஒட்டுக்கேட்டால் கொசு முனகுவது மாதிரிதான் கேட்கும். ஒன்பது வருஷமாக ஸ்டேனுன் கத்தாத நாளில்லை, வையுங்கள், வையுங்கள் என்று. யார் யார் ஒட்டுக்கேட்கிறார்கள் என்று அவளுக்கு மூச்சிலேயே தெரியும். யோருன் மூக்கால் மூச்சு விடுவாள். ஈசாக் வீட்டுச் சுவர்க்கடிகாரம் டிக் டிக்கென்று கூடவே வரும். ஸ்வாவாவின் தையல் மிஷின் நின்றுபோகும்.

அதே வருஷம் செப்டம்பரில் எட்டுப் பேர் மலைக்குப் போயிருந்தார்கள், வீட்டுக்கு ஒருவர், ஒரு வீட்டிலிருந்து மட்டும் இருவர். ஓட்டரும் ஒருவன். ஏழாம் நாள் மந்தையோடு மணல்வெளியைக் கடந்து சாயங்காலம் வீடு வர வேண்டும். ஆடு வெட்டும் பருவம். அந்த ஏழாம் நாள் விடியற்காலையில் ஸ்டேனுன் குடலைக் கழுவ லேரா ஆற்றுக்குப் போனாள். வழக்கமாக அவள் குந்தி உட்காரும் கல்லைக் காணவில்லை. தண்ணீருக்கு அடியில் இருந்தது. நான்கு நாளாக ஒரு சொட்டு மழை இல்லை, ஆனால் ஆறு ஏறியிருந்தது. தண்ணீர் சாம்பல் நிறத்தில், அழுகிய முட்டை நாற்றத்தோடு வந்தது. நின்று பார்த்தாள். ஓட்டர் இருந்தால் துள்ளிக் குதித்து நோட்டுப் புத்தகத்தை எடுத்து வந்திருப்பான், சாயங்காலம் வரட்டும் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தாள். கொஞ்சம் மேலே போய்க் குடலைக் கழுவிக்கொண்டு திரும்பிவிட்டாள். வீட்டில் குடலில் அடைக்க வைத்திருந்த வாளி ரத்தம் உறைவதற்குள் மாவு கலந்து கிளற வேண்டியிருந்தது. வேலை மும்முரத்தில் கல் மறந்தே போயிற்று.

மதியம் இரண்டு மணிக்கு ஊரிலிருந்து மணி அடித்தது. பேசியவர் ஊர்த் தலைவர் யோஸ்டைன். அவர் குரலில் எப்போதும் இருக்கும் இழுவை அன்று இல்லை.

"ஸ்டேனுன், பனிக்கு அடியிலேருந்து தண்ணி ஒடச்சிக்கிட்டு வந்துடுச்சு. அடிவாரத்து வீட்டுக்காரன் இப்பத்தான் பேசினான். பாறை உருள்ற மாதிரி சத்தமாம்."

"எந்தப் பக்கமா எறங்குது?"

"மலைப்பக்கம் மூடுபனியா இருக்கு, ஒண்ணும் தெரியல. ஒரு மணி நேரம் இருக்கும்னு வச்சுக்க. ஹோல்முருக்குச் சொல்லு, வெள்ளைத் துணியக் கட்டட்டும். ஆடு போனா போகுது, ஆளுங்க ஓடி வந்துரட்டும். 1918-ல அப்படித்தானே பொழச்சாங்க."

அவர் வைத்துவிட்டார். மேற்கே இன்னும் எத்தனையோ வீட்டுக்குச் சொல்ல வேண்டியிருந்தது அவருக்கு. ஸ்டேனுனின் கை பழக்கத்தில் கைப்பிடியைச் சுற்றியது. மூன்று நீளம், ஒரு குட்டை. ஹோல்முர்.

டக், டக், டக் என்று ஆறு ரிசீவரும் எழுந்தன.

ஹோல்முரில் இருப்பது வால்போர்க். தம்பியை மலைக்கு அனுப்பிவிட்டுத் தனியாக இருந்தாள். அவளுடைய குரல் கிணற்றடியிலிருந்து வருவதுபோல வந்தது. யார், என்ன, ஒன்றும் கேட்கவில்லை என்று அவள் திரும்பத் திரும்பச் சொல்வதை மட்டும் ஸ்டேனுனால் ஊகிக்க முடிந்தது. ஸ்டேனுன் தொண்டை கிழியக் கத்திப் பார்த்தாள். பிரயோஜனம் இல்லை. எல்லாரையும் வைக்கச் சொன்னாள். ஒருவரும் வைக்கவில்லை. எப்படி வைப்பார்கள்? ஒவ்வொரு வீட்டுக்கும் மணல்வெளியில் ஒரு ஆளாவது இருந்தான்.

"வெள்ளைன்னு சொல்லிட்டுப் போயேன்," என்றாள் யோருன். ஐந்து மாதத்துக்குப் பிறகு அவள் ஸ்டேனுனிடம் பேசிய முதல் பேச்சு அது. ஊர்த் தலைவர் சொன்னதையெல்லாம் அவளும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறாள். இந்த மாதிரி அவசரத்துக்கு ஊர்க் கம்பியையும் உள்கம்பியையும் சேர்த்தே வைத்திருப்பது வழக்கம்.

ஸ்டேனுன் வெள்ளை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். அப்போதுதான் ஞாபகம் வந்தது அந்தக் கல்.

மழையில்லாமல் ஏறிய ஆறு. முட்டை நாற்றம். காலையிலேயே காட்லாவின் தண்ணீர் லேராவில் வந்துகொண்டிருந்திருக்கிறது. மேற்கே இல்லை. இங்கே, வீட்டுப் பக்கம். ஓட்டர் ஒரு நாள் காலையில் கஞ்சிக் கிண்ணத்தில் பாலை ஊற்றிக் காட்டினது நினைவுக்கு வந்தது. பார், முதலில் இந்தப் பக்கம் ஓடிற்றா, இப்போது கஞ்சியை இந்தப் பக்கம் ஒதுக்கினேன், இனி அந்தப் பக்கம்தான் ஓடும். கஞ்சி ஆறுகிறது, தின்னு என்று அதட்டியவள் அவள்தான். நிச்சயமாகத் தெரியுமா என்றும் அன்றைக்கே கேட்டாள். பத்துக்கு ஏழு என்று சொன்னான். பாவி மனுஷன், பத்துக்குப் பத்து என்று ஒரு பொய் சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா?

எட்டு உயிர். பத்துக்கு ஏழு. பக்கத்திலிருந்த மேஜையைப் பிடித்துக்கொண்டாள்.

"கறுப்பு," என்றாள். "கறுப்புக் கம்பளிதான் கட்டணும்."

கம்பியில் ஒரே கூச்சல். தலைவர் சொன்னது வெள்ளை என்றார்கள். நிலையத்தில் இருக்கிறவள் சொன்னதைச் சொல்ல வேண்டுமே தவிர மாற்ற அவளுக்கு யார் அதிகாரம் கொடுத்தது என்றார்கள். அந்தப் பேச்சில் தப்பில்லை. நியாயமாகப் பார்த்தால் அவளுக்கு அந்த அதிகாரம் இல்லைதான்.

அவள் கல்லைப் பற்றிச் சொன்னாள். காலையில் பார்த்தேன், யாரிடமும் சொல்லவில்லை, அது என் தப்பு, அதற்கு அப்புறம் என்னை என்ன வேண்டுமானாலும் கேளுங்கள், இப்போது வையுங்கள் என்றாள். கூச்சல் அடங்கிற்று. கடிகாரம் டிக் டிக்கென்றது. கிழவர் ஈசாக்குக்கு எழுபது வயது. 1918-ல் அந்த ஓட்டம் ஓடியவர்களில் இன்று உயிரோடு இருப்பவர் அவர் ஒருவர்தான். அவருடைய தம்பி இப்போது மலையில் இருந்தார்.

"அந்தத் தடவ நாங்க ஓடி வரும்போது லேரால கணுக்கால் தண்ணிதான் இருந்துச்சு," என்றார் ஈசாக் மெதுவாக. "நாத்தமும் இல்ல. இருந்திருந்தா நாங்க யாரும் வந்து சேந்திருக்க மாட்டோம்." அவ்வளவுதான் சொன்னார். டக். கடிகாரச் சத்தம் நின்றது.

அவருக்குப் பின்னால் இரண்டு பேர் வைத்தார்கள். ஸ்வாவா வைக்கவில்லை. கல்யாணமாகி மூன்று மாதம். அவள் அழுதுகொண்டே, இன்றைக்கு வந்துவிடுவேன் என்று சொல்லிவிட்டுப் போனான், ரொட்டி சுட்டு வைத்திருக்கிறேன் என்றாள். மேட்டில் ஏறினால் எத்தனை நாள் ஆகும் என்று கேட்டாள். 1755-ல் ஏறினவர்கள் ஏழு நாள் இருந்தார்கள் என்று டப்பாக்காரன் பெண்டாட்டிக்குத் தெரியும்.

"ஏழு நாள் கழிச்சாவது வருவான்டி. லேராவுல எறங்கினா வரவே மாட்டான். வச்சிடு கண்ணு."

டக். இனி யோருன் ஒருத்திதான். மூக்கு மூச்சு மட்டும் கேட்டது. ஸ்டேனுன் காத்திருந்தாள். ஒரு மணி நேரத்தில் கால் மணி பேச்சிலேயே போய்விட்டது.

"உன் புருஷன் சொன்னது பொய்யா இருந்தா?" என்றாள் யோருன்.

"பொய்யா இருந்தா எனக்கும்தான் புருஷன் இல்ல."

டக்.

உடனே வால்போர்க்கின் குரல் பளிச்சென்று பக்கத்து அறையிலிருந்து பேசுவதுபோல் வந்தது. ஸ்டேனுன் சொன்னாள். வால்போர்க் ஏன் எதற்கு என்று கேட்கவில்லை. ஆட்கள் மேட்டுக்குத் தெற்கே தெரிகிறார்கள், மந்தை நீளமாக இழுத்துக்கொண்டு வருகிறது, படுக்கையிலிருந்து கம்பளியை உருவிக்கொண்டு போகிறேன் என்றாள். அவளும் வைத்துவிட்டாள்.

அதற்குப் பிறகு மணி அடிக்கவில்லை. யாரும் யாரையும் கூப்பிடவில்லை. ஒன்பது வருஷத்தில் அந்தக் கம்பி இவ்வளவு நேரம் சும்மா இருந்ததே இல்லை. வால்போர்க் கூப்பிட்டால் கேட்க வேண்டுமே என்று எல்லா வீட்டிலும் கையைக் கட்டிக்கொண்டு இருந்திருக்கிறார்கள். ஸ்டேனுனுக்கு உட்கார முடியவில்லை. ரத்தத்தைக் கிளறினாள். அது எப்போதோ கட்டி தட்டிப் போயிருந்தது. அலமாரியில் டப்பாக்கள் வரிசையாக இருந்தன. 1625, 1660, 1721. ஒவ்வொரு டப்பாவுக்கும் ஒரு வீட்டில் ஒருத்தி இப்படி நின்றிருப்பாள் என்று தோன்றியதும் அந்தப் பக்கம் பார்ப்பதை நிறுத்தினாள்.

மலை ராஜா கம்பளியைப் பார்த்தானா? பார்த்தாலும் மதித்தானா? கூட்டத்தில் சிரித்தவன்தானே. வெள்ளைத் துணி காற்றில் அழுக்காகி இப்படித் தெரிகிறது என்று நினைத்து வீட்டைப் பார்த்துக் குதிரையை விரட்டினால்? விரட்டினால் ஓட்டரும் கூடத்தான் வருவான். மலையில் ராஜா சொல்லைத் தட்டுகிறவன் இல்லை அவன். தான் சொன்னது சரி என்று தெரிந்துகொண்டே பின்னால் வந்து சாவான். அவன் குணம் அப்படி.

முதலில் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. பிறகு சத்தம். அவள் வாசலுக்கு ஓடினாள்.

வெள்ளம் லேராவில் வந்தது. தண்ணீர் என்று சொல்ல முடியாது. கறுப்பாக, கெட்டியாக, முன்பக்கம் சுவராக எழுந்து வந்தது. வைக்கோல் கொட்டகை அளவுப் பனிப்பாளங்கள் அதில் உருண்டன. பாலம் ஒரு தடவை முறுகிற்று, பிறகு இல்லை. வீடு நல்ல உயரத்தில் இருந்ததால் அவளுக்கு ஆபத்தில்லை. ஓட்டர் சொன்னது சரிதான் என்று அப்போது நிச்சயமாயிற்று. அதில் அவளுக்குக் கடுகளவு சந்தோஷமும் வரவில்லை. சரியென்றால் வீட்டைப் பார்த்து ஓடி வந்தவர்கள் இந்நேரம் இதற்குள்தான் இருக்க வேண்டும்.

பிறகு ஆடுகள் வந்தன. ஒன்று இரண்டாக, பிறகு கும்பலாக, கால்கள் மேலே தெரிய. அவற்றின் பின்னால் ஒரு குதிரை வந்தது. பழுப்பு நிறம். முதுகில் சேணம் இருந்தது. ஒரு பனிப்பாளத்தில் மோதித் திரும்பிக் கீழே போனது.

ஓட்டரின் குதிரை பழுப்பு. ஊரில் பழுப்புக் குதிரை இருபதாவது இருக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு அவள் உள்ளே வந்தாள். வாசல் கதவைச் சாத்தினாளா என்றுகூடத் தெரியவில்லை. அழுகை வரவில்லை. கம்பி வழியாக யாருக்காவது சொல்லலாம் என்று கை போயிற்று. சொல்லி என்ன, இன்னும் ஆறு பேர் வயிற்றில் புளியைக் கரைக்கவா? கையை இழுத்துக்கொண்டாள்.

நாலேகால் மணிக்கு ஒரே நீளமாக மணி அடித்தது. எல்லா வீட்டுக்குமான அழைப்பு அது. அவள் எடுப்பதற்கு முன்பே டக் டக்கென்று எல்லாரும் எடுத்துவிட்டார்கள். வால்போர்க் பேசுவது தேய்ந்து நூலாக வந்தது. ஸ்டேனுன் காதை நசுங்கும்படி அழுத்திக்கொண்டாள்.

மேட்டில் இருக்கிறார்கள். மேட்டைச் சுற்றி நாலு பக்கமும் தண்ணீர். ஜன்னலோரம் நின்று தூரக்கண்ணாடியில் பார்த்துக்கொண்டே சொல்கிறேன், யார் யார் என்று தெரிகிற வரைக்கும் சொல்கிறேன். அரைகுறையாகக் கேட்டதை ஸ்டேனுன் இப்படிப் பொருத்திக்கொண்டாள்.

முதலில் ஹால்ஃப்தான். அவன் உயரமும் சாம்பல் குதிரையும் தப்பாது. மூக்கு மூச்சு ஒரு தடவை விக்கிற்று. டக். யோருன் போய்விட்டாள். வால்போர்க்கின் குரல் ஒரு இழை தடித்தது.

பிறகு ஈசாக்கின் தம்பி, உட்கார்ந்திருக்கிறார், ஆனால் தலையை ஆட்டிப் பேசுகிறார். கடிகாரம் நின்றது. பிறகு சிவப்புத் தொப்பி ஒன்று. ஸ்வாவா பின்னிக் கொடுத்தது ஊருக்கே தெரியும். அந்தப் பெண் ஏதோ சொல்ல வந்து முடியாமல் ரிசீவரைக் கீழே போட்டாள், அது சுவரில் இடித்துக்கொண்டு தொங்கிற்று, பிறகு யாரோ எடுத்து வைத்தார்கள். ஆள் தெரிந்த ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு டக். ஒவ்வொரு டக்குக்கும் குரல் இன்னும் தெளிவு. வால்போர்க் தன் தம்பி பெயரைச் சொல்லும்போது கொஞ்சம் நின்று மூச்சு வாங்கினதுகூடக் கேட்டது. ஏழாவது பெயரும் ஆயிற்று. கடைசி டக்கும் ஆயிற்று.

இப்போது கம்பியில் அவர்கள் இருவர்தான். ஒன்பது வருஷத்தில் ஒரு நாளும் இவ்வளவு சுத்தமாகக் கேட்டதில்லை.

"ஸ்டேனுன்," என்றாள் வால்போர்க். "மேல ஏழு பேருதான் நிக்கிறாங்க. குதிரையும் ஏழு."

ஸ்டேனுனுக்குச் சேணத்தோடு போன குதிரை கண்ணில் வந்து நின்றது. மறுபடி பார் என்றாள். குரல் தன்னுடையது மாதிரியே இல்லை. வால்போர்க் பார்த்தாள். ஏழு என்றாள். மறுபடி எண்ணு என்றாள் ஸ்டேனுன். கண்ணாடி ஜன்னல் விளிம்பில் உரசுகிற சத்தம், வால்போர்க் மூச்சைப் பிடித்துக்கொள்ளும் சத்தம், எல்லாம் கேட்டது. மேட்டின் மறுபக்கம் தெரியவில்லை, வெளிச்சம் வேறு குறைகிறது, இரு, இடம் மாறிப் பார்க்கிறேன் என்றாள்.

டக்.

வால்போர்க் வைத்துவிட்டாளோ என்று ஸ்டேனுன் பதறிப்போனாள். இல்லை. மூக்கு மூச்சு. யோருன் திரும்ப எடுத்திருக்கிறாள். இன்னொரு டக். கடிகாரம். அடுத்த டக்கில் சின்னதாக ஒரு விசும்பல். பிறகு மற்ற இரண்டு வீடும். அவரவர் ஆள் பிழைத்தான் என்று கேட்டு வைத்தவர்கள், ஒன்று விடாமல் திரும்பி வந்திருந்தார்கள். மூச்சுகள் மட்டும் கம்பியில் வந்தன.

வால்போர்க் ஏதோ சொல்ல ஆரம்பித்தாள். குரல் தேய்ந்தது, நூலாயிற்று, முனகலாயிற்று. ஸ்டேனுனுக்கு ஒரு சொல்லும் பிடிபடவில்லை. வையுங்கள் என்று ஒரு வார்த்தை கத்தினால் எல்லாரும் வைத்துவிடுவார்கள். ஒன்பது வருஷமாகக் கத்திய வார்த்தை. அது நாக்கு நுனியில்தான் இருந்தது. அவள் சொல்லவில்லை. அந்த நேரத்தில் அந்த மூச்சுகள் இல்லாமல் தனியாக அந்தச் சேதியைக் கேட்க அவளுக்குத் தெம்பில்லை.

ஹோல்முருக்கு அடுத்த வீடு ஸ்வாவாவினுடையது. அவளுக்குக் கேட்டிருக்கிறது. ஏதோ மளமளவென்று சொன்னாள். அது ஸ்டேனுன் வரைக்கும் வரவில்லை. துங்காவில் ஈசாக் அதை வாங்கித் திருப்பிச் சொன்னார். அது பாதி வந்தது, கத்தி என்கிற சொல் மட்டும். ஸ்டேனுனுக்குப் பக்கத்து வீடு யோருனுடையது. அவள் குரல் மட்டும் கணீரென்று வந்தது.

"ஸ்டேனுன், கேக்குதா? இருக்கான். உன் புருஷன் இருக்கான். குதிரதான் போச்சு. மேட்டுக்குக் கீழ, தண்ணி அரிச்சிட்டுப் போன கரையில குந்தியிருக்கானாம். ஆடு ஏதோ நிக்குதுன்னு நெனச்சாளாம் வால்போர்க். கத்தியால மண்ணச் சீவிக்கிட்டு இருக்கானாம்."

ஸ்டேனுன் தரையில் உட்கார்ந்துவிட்டாள். ரிசீவரின் கம்பி எட்டவில்லை. அதை இழுத்துப் பிடித்துக்கொண்டு, கழுத்தைச் சாய்த்து, அப்போதுதான் அழுதாள். அழுதுகொண்டே அவனைத் திட்டினாள். சுற்றிலும் வெள்ளம், வீட்டில் பெண்டாட்டி உயிர் போய் உயிர் வருகிறது, அவனுக்கு மண் வேண்டியிருக்கிறது என்றாள். இந்த வீட்டில் அதைப் போட்டு வைக்க இனி டப்பாவும் இல்லை என்றாள்.

"வரட்டும்," என்றாள் யோருன். "எங்க வீட்டுல ஒரு பெரிய டப்பா இருக்கு. சுத்தமாக் கழுவித் தரேன்."

ஈசாக் வீட்டுக் கடிகாரம் அரை மணி அடித்தது. அதற்குப் பிறகும் வெகுநேரம் யாரும் ரிசீவரை வைக்கவில்லை.